சீலிங்குக்கு எத்தனை லிட்டர்? அரை லிட்டர் அடித்துப் பார்த்துப் போட்ட கணக்கு

லேபர் கான்ட்ராக்டில் வேலையைக் கொடுத்தால் பெயிண்ட் வாங்கித் தருவது வீட்டுக்காரர் பாடு. சீலிங் என்றதும் "ரூமுக்கு நாலு லிட்டர் வாங்கிடுங்க சார்" என்பதுதான் பெரும்பாலும் கிடைக்கும் பதில். ஒரு ஹால், இரண்டு படுக்கையறை, ஒரு சமையலறை உள்ள வீட்டுக்கு அந்தக் கணக்கில் 16 லிட்டர் ஆகும். நாங்கள் அளந்து வாங்கியது 8 லிட்டர்.

அளவு எடுக்கும்போது பிளானை நம்ப வேண்டாம். அதில் சுவர் கனமும் சேர்ந்திருக்கும். டேப்பைத் தரையில் வைத்து, சுவருக்குச் சுவர் உள்ளளவு எடுங்கள். எங்களுக்கு வந்தது இது: ஹால் 18க்கு 12 அடி, படுக்கையறைகள் 14க்கு 11, 12க்கு 10, சமையலறை 10க்கு 8. மொத்தம் 570 சதுர அடி. மின்விசிறி, விளக்குக்கு எதையும் கழிக்கத் தேவையில்லை.

பலரும் விட்டுவிடுவது பரணும் பீமும். பரணுக்கு மேலே இருக்கும் சீலிங் 570க்குள் வந்துவிட்டது. பரணின் அடிப்பாகம் வரவில்லை. அதுவும் வெள்ளைதானே அடிக்கப்போகிறோம்? 2 அடி அகலத்தில் மூன்று பரண், 58 சதுர அடி. ஹாலின் நடுவே 12 அடி பீம், சீலிங்கிலிருந்து 1 அடி இறங்கியிருக்கிறது. அதன் அடிப்பக்கம் ஏற்கெனவே கணக்கில் இருப்பதால் இரண்டு பக்கவாட்டுகளை மட்டும் கூட்டினால் போதும், 24. ஆக 652 சதுர அடி. (மரக்கட்டைகளின் மேல் செங்கல் அடுக்கிய பழைய மெட்ராஸ் டெரஸ் வீடு என்றால் அந்தக் கட்டைகளுக்குத் தனி பெயிண்ட், தனிக் கணக்கு, இதோடு கலக்காதீர்கள்.)

அடுத்தது, ஒரு லிட்டர் எவ்வளவு தூரம் ஓடும் என்பது. டின்னில் இரண்டு கோட்டுக்கு லிட்டருக்கு 130 சதுர அடி என்று போட்டிருந்தால் அது வழவழப்பான, பிரைமர் (பெயிண்டுக்கு முந்தைய அடிப்பூச்சு) அடித்த பரப்புக்கானது. அந்த எண்ணை வைத்தால் 5 லிட்டர் போதும் என்று வரும். பழைய சீலிங்கில் போதாது. பட்டி (மேடுபள்ளத்தை நிரப்பும் பூச்சு) வைத்துத் தேய்த்த இடங்கள் பெயிண்டை உறிஞ்சும், தலைக்கு மேல் அடிக்கும்போது கொஞ்சம் சிந்தும், ரோலரிலும் தட்டிலும் கொஞ்சம் நிற்கும்.

அதனால் முதலில் ஒரு 4 லிட்டர் டின் மட்டும் வாங்கி அடித்துப் பார்ப்பதே நல்லது. ரோலரை முன்பே பெயிண்டில் தோய்த்து வழித்துவிடுங்கள்; புது ரோலர் குடிக்கும் பெயிண்ட் சோதனைக் கணக்கைக் கெடுக்கும். அளவுக் குவளையில் சரியாக 500 மில்லி எடுத்து, டின்னில் சொல்லியிருக்கும் அளவுக்கே தண்ணீர் சேருங்கள். 11 அடி அகல அறையில் ஒரு சுவரோரம் தொடங்கி, அகலம் முழுக்க அடித்தபடி முன்னேறினோம். 7 அடி 9 அங்குலத்தில் பெயிண்ட் தீர்ந்தது. 85 சதுர அடி, அதாவது லிட்டருக்கு 170. அந்த அறையில் முதல் கோட்டை முடித்து, காய்ந்த பிறகு இரண்டாம் கோட்டில் இன்னொரு அரை லிட்டர் 10 அடி வரை போனது, லிட்டருக்கு 220.

இனிச் சுலபம். 652ஐ 170ஆல் வகுத்தால் 3.8 லிட்டர், 220ஆல் வகுத்தால் 3 லிட்டர். இரண்டும் 6.8. சேதாரத்துக்குப் பத்து சதவீதம் கூட்டினால் 7.5. இன்னொரு 4 லிட்டர் டின்னோடு முடிந்தது. அறை அறையாக மேலே ரவுண்டு செய்யாமல் எல்லா சீலிங்கையும் ஒரே வெள்ளையில் வைத்து மொத்தமாகக் கணக்கிட்டதுதான் பெரிய மிச்சம்.

கணக்கு சரியாக இருந்தும் பெயிண்ட் பற்றாமல் போவதற்கு மூன்று காரணங்கள் உண்டு. முதலாவது, தண்ணீர். கூடுதலாகக் கலந்தால் பெயிண்ட் நிறைய ஓடுவதுபோலத் தெரியும். காய்ந்ததும் பழைய கறை எட்டிப் பார்க்கும், மூன்றாவது கோட் தேவைப்படும். கலக்கும்போது பக்கத்தில் நில்லுங்கள். இரண்டாவது, ஓடும் மின்விசிறி. ஈர விளிம்பு காய்ந்துவிட்டால் ரோலர் பட்டை பட்டையாகத் தெரியும், அதை மறைக்க இன்னொரு கோட். அடிக்கும்போது விசிறியை நிறுத்திவிட வேண்டும். மூன்றாவது, அடியில் பழைய சுண்ணாம்பு. ஈரக்கையால் தேய்த்தால் வெள்ளை ஒட்டிக்கொண்டு வருகிறதா என்று பாருங்கள். வந்தால் சுரண்டி எடுத்து, பட்டியும் பிரைமரும் போட்ட பிறகே எமல்ஷன், அதாவது தண்ணீர் கலந்து அடிக்கும் இந்தப் பெயிண்ட். இல்லாவிட்டால் பொருக்காக உதிரும். மொத்தப் பரப்புக்கும் பிரைமர் என்றால் லிட்டருக்கு 120 சதுர அடி என்று வைத்து 5.5 லிட்டர் தனியாக வாங்க வேண்டும்.

மொட்டை மாடிக்குக் கீழே இருக்கும் சீலிங்கில் ஓதம் இருந்தால் இந்தக் கணக்கு எதுவும் செல்லாது. தட்டோட்டு விரிசலை அடைத்து, சீலிங் நன்றாகக் காய்ந்த பிறகுதான் பெயிண்ட் வாங்கப் போக வேண்டும்.

வாங்கும்போது மேட், அதாவது பளபளப்பு இல்லாத பெயிண்ட் கேளுங்கள். பளபளப்பு கூடினால் பட்டியின் மேடுபள்ளம் அத்தனையும் ஜன்னல் வெளிச்சத்தில் தெரியும். பிரிக்காத வெள்ளை டின்னைத் திரும்ப எடுத்துக்கொள்வார்களா என்றும் பில் போடும்போதே கேட்டுவிடுங்கள். கடையில் கலர் கலந்து கொடுத்ததைப் பொதுவாகத் திரும்ப வாங்க மாட்டார்கள்.