அடேல் டிக்சனைத் தேடி

அக்டோபர் 24

1936 நவம்பர் 2 அன்று லண்டன் அலெக்சாண்ட்ரா பேலஸிலிருந்து பிபிசி தன் தொலைக்காட்சிச் சேவையைத் தொடங்கியது. அன்று கலைநிகழ்ச்சியில் பாடியவர் அடேல் டிக்சன். பாட்டே தொலைக்காட்சியைப் பற்றியதுதான், அந்த நாளுக்கென்றே எழுதியது. தொலைக்காட்சியின் முன்னோடிக் கண்டுபிடிப்பாளர் ஜான் லோகி பேர்டின் பெயர் எல்லோருக்கும் தெரியும். பாடியவரைக் கேட்டால் யாருக்கும் தெரியவில்லை. அது எனக்கு உறுத்துகிறது.

அக்டோபர் 26

இவர் வெறும் பாடகி இல்லை! 1929-இல் ஓல்டு விக் அரங்கில் ஜான் கீல்குட் ரோமியோ, இவர் ஜூலியட். அப்போது வயது 21. அப்புறம் இசை நாடகங்கள் பக்கம் வந்துவிட்டார். தொலைக்காட்சிக்கு வந்தபோது ஏற்கெனவே தேர்ந்த மேடைக் கலைஞர்.

அக்டோபர் 27

அதே நிகழ்ச்சியில் அமெரிக்காவிலிருந்து வந்த கறுப்பினக் கலைஞர்கள் பக், பபிள்ஸ் இருவரும் இருந்தார்கள். ஒருவர் பியானோ, இன்னொருவர் தட்டு நடனம். இவர்களைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

அக்டோபர் 30

இன்று முழுக்க ஸ்டூடியோ விவரங்கள்தான். அங்கே இரண்டு முறைகள் போட்டி போட்டன: படத்தை 240 கிடை வரிகளாகப் பிரித்துக் காட்டும் பேர்டின் முறை, 405 வரிகளாகக் காட்டும் மார்க்கோனி-இஎம்ஐ நிறுவனத்தின் முறை. நாணயம் சுண்டிப் பார்த்ததில் பேர்டுக்கு முதல் வாய்ப்பு. தொடக்க விழாவையே இரண்டு முறைக்கும் தனித்தனியாக நடத்தினார்கள்.

பேர்டு முறையில் முழு மேடையைக் காட்ட, முதலில் ஃபிலிமில் எடுத்து, உடனே கழுவி, ஈரம் காயும் முன்னே அதை ஒளிபரப்பினார்கள். எல்லாம் ஏறக்குறைய ஒரு நிமிடத்துக்குள். கேமராவோ தரையோடு பொருத்தியது, நகராது. முகத்தை மட்டும் காட்ட வேண்டுமென்றால் இருட்டறையில் உட்கார வைப்பார்கள். ஓர் ஒளிக்கற்றை முகத்தின்மேல் ஓடிக்கொண்டே இருக்கும். அந்த இருட்டில் எதிரே யாரும் தெரியாமல் பேசுவது, பாடுவது என்றால் சும்மாவா? பார்க்கிறவர்களும் லண்டன் சுற்றுவட்டாரத்தில் சில நூறு வீடுகள்தான்.

1937 தொடக்கத்திலேயே பேர்டு முறையைக் கைவிட்டார்கள்.

நவம்பர் 2

அடேல் பாடுவதை இன்று பார்த்தேன். அன்றைய ஒளிபரப்பு இல்லை. நேரலையைப் பதிந்துவைக்க அப்போது வழியில்லை. இது பிபிசி ஆவணப்படம் ஒன்றுக்காகத் தனியே எடுத்த காட்சி. ஒவ்வொரு சொல்லும் அவ்வளவு துல்லியமாக விழுகிறது. ஓல்டு விக்கில் கடைசி வரிசை வரை கேட்கப் பேசிய குரல் அது.

நவம்பர் 5

1937 இறுதியில் நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்கில் பிரிட்டிஷ் நடிகர் ஜாக் புக்கானனோடு நடித்திருக்கிறார். இறந்தது 1992-இல். எழுதுகிறவர்கள் எல்லோரும் அந்த ஒரு பாட்டோடு நிறுத்திவிடுகிறார்கள். அவரைப் பற்றி நான் எழுதப்போகும் குறிப்பில் ஜூலியட்டைத்தான் முதலில் வைக்கப் போகிறேன்.