கயித்தை விடு!

நியூசிலாந்தின் ஆக்லாந்துக்குக் குடிவந்தவர்களிடம் சனிக்கிழமைக்கு என்ன திட்டம் என்று ஊர்க்காரர்கள் கேட்டுவிட்டு, பதிலையும் அவர்களே சொல்லிவிடுகிறார்கள்: பாய்மரப் படகு. 'பாய்களின் நகரம்' என்று பட்டப்பெயர் வாங்கிய ஊர். நானோ தேவகோட்டைக்காரன், ஊரணிப் படிக்கட்டில் கால் நனைத்ததோடு சரி. மிதவைச் சட்டை தருகிறார்களே என்ற தைரியத்தில் பயிற்சிக்குப் பேர் கொடுத்தேன்.

முதலில் படுத்தியது சுக்கான். அதன் கைப்பிடியை இடப்பக்கம் தள்ளினால் படகு வலப்பக்கம் திரும்பும். டி.வி.எஸ். 50 ஓட்டிப் பழகிய கைக்கு இது ஏறவே இல்லை. நங்கூரமிட்டிருந்த ஒரு படகை விட்டு விலகப்போய் அதன்மேலேயே மோதினேன். உள்ளே டீ குடித்துக்கொண்டிருந்த பெரியவர் காலை நீட்டி என்னைத் தள்ளிவிட்டு, மறுபடி டீயைக் கையில் எடுத்துக்கொண்டார்.

காற்று வரும் திசைக்கு நேரே பாய்ப்படகு போகாது. ஏறக்குறைய 45 பாகை விலகி, இப்படியும் அப்படியுமாகத் திரும்பித் திரும்பித்தான் ஏறணும். பசி நேரம், கரை கண்ணுக்கெதிரே தெரிகிறது; நேராகத் திருப்பினேன். பாய் படபடத்தது, படகு நின்றது, பிறகு பின்னாலேயே போக ஆரம்பித்தது.

இதெல்லாம் பரவாயில்லை. கயிறுதான் வில்லங்கம். காற்று வலுத்துப் படகு சாய்ந்தால் பாய்க்கயிற்றைத் தளர்த்தணும். பாயிலிருந்து காற்று நழுவும், படகு தானே நிமிரும். "விடு, விடு!" என்று பயிற்சியாளர் மோட்டார் படகிலிருந்து கத்துகிறார். செட்டிநாட்டில் பிறந்தவனிடம் பிடித்ததை விடச் சொன்னால்? இன்னும் இறுக்கினேன். வைட்டமாட்டா துறைமுகத்துத் தண்ணீர் அவ்வளவு உப்பு. கவிழ்ந்த படகின் அடியில் நீட்டிக்கொண்டிருக்கும் பலகைமேல் ஏறி, பின்னால் சாய்ந்து நிமிர்த்தினேன். கயிறு கொக்கியிலேயே இறுகிக் கிடந்ததால் பாய் உடனே காற்றை வாங்கி, என் பக்கமாகவே திரும்பக் கவிழ்ந்தது.

மார்கழி விடுப்பில் இதையெல்லாம் முகப்பில் உட்கார்ந்து அப்பத்தாவிடம் சொன்னேன். பூம்புகாரைக் கடல் கொண்டுபோன பயத்தில்தான் வீடுகளைத் தரையிலிருந்து இத்தனை உயரத்தில் கட்டினோம் என்று சொல்லிக்கொள்ளும் ஊர் எங்களது.

"உங்கய்யா ரஜூலா கப்பல்ல பினாங்கு போனாக. ஒரு சொட்டு மேல படல. நீ காசு குடுத்துல்ல தண்ணியில விழுந்திருக்க? எவ்வளவுடா?"

சொன்னேன். விரல்விட்டு ரூபாய்க்கு மாற்றிப் பார்த்தார்.

"கவுந்த நாளுக்காச்சும் கழிச்சுக் குடுத்தாகளா?"