பதவி உயர்வு ரோஸ்டரை எண்ணிப் பார்த்ததில் தெரிந்தவை

தகுதியா ஒதுக்கீடா என்ற சண்டை கேன்டீனில் நடக்கும். யாருக்குப் பதவி உயர்வு என்பது ஒரு பதிவேட்டில் முடிவாகும். மத்திய அரசு அலுவலகங்களின் ரோஸ்டர் பதிவேடுகளை (எத்தனையாவது இடம் எந்தப் பிரிவுக்கு என்று காட்டும் பதிவேடு) வரி வரியாகச் சரிபார்த்தபோது எங்கள் கண்ணில் பட்டவை பெரும்பாலும் கணக்குப் பிழைகள். டிபிசி (பதவி உயர்வை முடிவு செய்யும் துறைக் குழு) கூடுவதற்கு முன் பிடித்தால் ஒரு கடிதத்தில் தீரும். ஆணை வந்தபின் என்றால் வருடக்கணக்கில் இழுக்கும்.

எண்ண வேண்டியது காலியிடத்தை அல்ல, கேடரின், அதாவது ஒரே பதவிநிலைக்கு அனுமதிக்கப்பட்ட தொகுப்பின், மொத்தப் பணியிடங்களை. சபர்வால் வழக்கில் 1995இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பும், அதையொட்டி மத்தியப் பணியாளர் துறை வெளியிட்ட 2.7.1997 தேதியிட்ட குறிப்பாணையும் சொல்வது இதைத்தான். பதவி உயர்வில் எஸ்சிக்கு 15 சதவீதம், எஸ்டிக்கு 7.5. ஓபிசிக்கு மத்திய அரசில் பதவி உயர்வு ஒதுக்கீடு கிடையாது (இது தெரியாமலே பாதி வாக்குவாதம் ஓடுகிறது). 40 பேர் கேடர் என்றால் எஸ்சி 6, எஸ்டி 3. ஆனால் கோப்பில், "இந்த ஆண்டு 4 காலி, 15 சதவீதம் 0.6, எனவே இல்லை" என்று எழுதியிருப்பார்கள். அப்படிப் பார்க்கக் கூடாது. 6 இருக்க வேண்டிய இடத்தில் 4 எஸ்சிதான் இருக்கிறார்கள் என்றால், அந்த 4 காலியில் 2 அவர்களுக்கு.

சிறிய கேடர்களில் குழப்பம் இன்னும் அதிகம். பதவி உயர்வு ரோஸ்டரில் முதல் எஸ்சி புள்ளி (வரிசை எண்) 7, முதல் எஸ்டி புள்ளி 14. "இருப்பதே 5 இடம், ஏழாவது எங்கிருந்து வரும்?" என்று கேட்பார்கள். 13 இடம் வரையுள்ள கேடர்களுக்கு எல் வடிவ ரோஸ்டர் உண்டு, ஆள் மாறும்போதெல்லாம் அதில் புள்ளி எண் தொடர்ந்து ஓடும். முதலில் நிரப்பிய ஐந்தும் பொது. முதல் ஆள் ஓய்வு பெற்றால் வருகிறவர் ஆறாம் புள்ளி, அதுவும் பொது. இரண்டாவது மாற்று ஏழாம் புள்ளி, எஸ்சிக்கு. கேடரில் ஒரே ஓர் இடம் என்றால் ஒதுக்கீடு இல்லை.

தகுதிப் பேச்சு உண்மையில் உரசுகிற இடம் வேறு. சொந்தப் பணிமூப்பிலும் தகுதியிலும், எந்தச் சலுகையும் இல்லாமல் உயர்ந்த எஸ்சி/எஸ்டி ஊழியரை ஒதுக்கீட்டுப் புள்ளியில் கணக்குக் காட்டக் கூடாது. பொதுப் புள்ளியில் காட்ட வேண்டும். 11.7.2002 குறிப்பாணை இதைச் சொன்னது. 2005இல் இன்னொரு குறிப்பாணை, செலக்‌ஷன் அல்லாத (தகுதி ஒப்பீடின்றிப் பணிமூப்பு வரிசையில் தரும்) பதவி உயர்வுக்கு இது பொருந்தாது என்றது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு அதை ரத்து செய்தது, 10.8.2010 குறிப்பாணை அதன் பிறகு வந்தது. பழைய பதிவேடுகளில் அந்த இடைக்காலப் பதிவுகள் திருத்தப்படாமலே கிடக்கும். மேலே சொன்ன 4 எஸ்சியில் இருவர் சொந்தத் தகுதியில் வந்தவர்கள் என்றால், பற்றாக்குறை 2 அல்ல, 4. ஆனால் நீட்டித்த பரிசீலனை வரம்பிலிருந்து (பணிமூப்பு வரிசையில் டிபிசி பார்க்கும் ஆட்களின் எண்ணிக்கை) வந்தவருக்கு இது பொருந்தாது. 4 காலிக்கு வழக்கமான வரம்பு 12 பேர். அதில் போதிய எஸ்சி/எஸ்டி இல்லையென்றால் ஐந்து மடங்கு, அதாவது 20 பேர் வரை பார்க்கலாம். அப்படி வந்தவர் ஒதுக்கீட்டுப் புள்ளியில்தான் அமர்வார்.

ஜர்னைல் சிங் வழக்கின் 2022 தீர்ப்புக்குப் பிறகு இன்னொரு தாளும் வேண்டும்: போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கான புள்ளிவிவரம், அந்தந்த கேடருக்குத் தனித்தனியாக. 12.4.2022 குறிப்பாணை அதைக் கேட்கிறது. துறை முழுவதற்கும் ஒரே அட்டவணை வைத்திருந்தால் எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கு வேலை சுலபம்.

பதிவேட்டை வாங்க ஆர்டிஐ போதும். கட்டணம் 10 ரூபாய், நகலுக்குப் பக்கம் 2 ரூபாய், பதில் 30 நாளில். "ஏன் எனக்குத் தரவில்லை" என்று கேட்டால் அது தகவல் கோரிக்கையே அல்ல என்று திருப்பிவிடுவார்கள். ரோஸ்டர் பதிவேட்டின் நகல், அனுமதிக்கப்பட்ட பணியிட எண்ணிக்கை, பணிமூப்புப் பட்டியல், லைசன் ஆபீசரின் (ஒதுக்கீட்டைக் கண்காணிக்கும் அதிகாரி) ஆண்டு ஆய்வுக் குறிப்பு என்று ஆவணத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். நேரில் பார்வையிடவும் கேட்கலாம். முதல் ஒரு மணி நேரம் இலவசம். பென்சிலில் எழுதிய பதிவுகளும் ஒயிட்னர் பூசிய கட்டங்களும் நகலில் தெரியாது, நேரில்தான் தெரியும். மற்றவர் ஏபிஏஆர் (ஆண்டுப் பணி மதிப்பீட்டு அறிக்கை) கிடைக்காது, முயல வேண்டாம். உங்கள் ஏபிஏஆரில் மதிப்பீடு குறைவு என்றால், கையில் கிடைத்த 15 நாளுக்குள் எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

பிழை தெரிந்தால் புள்ளி எண், ஆண்டு, குறிப்பாணைத் தேதியோடு ஒரே பக்கத்தில் மனு. ஒரு நகல் லைசன் ஆபீசருக்கு. எஸ்சி அல்லது எஸ்டி தேசிய ஆணையத்துக்கும் எழுதலாம். ஆணையம் ஆவணங்களை வரவழைக்கும், ஆனால் தடையாணை தர முடியாது. இந்தியன் ஓவர்சீஸ் வங்கி ஊழியர் சங்க வழக்கில் 1996இலேயே உச்ச நீதிமன்றம் அதைச் சொல்லிவிட்டது. ஆணையத்தின் பதிலுக்குக் காத்திருந்தே மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடும் கெடுவைத் தவறவிட்டவர்கள் உண்டு. மனுவை நிராகரித்தால் அந்தத் தேதியிலிருந்து ஓராண்டு. பதிலே வராவிட்டால் ஆறு மாதம் பார்த்துவிட்டு, அதற்கு மேல் ஓராண்டு. நினைவூட்டல் கடிதம் எத்தனை போட்டாலும் அந்தக் கெடு நீளாது.