ஜானகியம்மாளின் முதல் பத்தி

"முதல் பத்தியைத் தூக்கிரும்மா, காங்கிரஸ்ல சேர்ந்ததுல இருந்து ஆரம்பிச்சாப் போதும்" என்றார் டீச்சர். "அதைத் தூக்கினா மத்தது நிக்காது டீச்சர்" என்றேன். அன்றைக்கு நடந்த பேச்சில் முக்கியமானது இவ்வளவுதான். ஆனால் இன்னமும் பிரஸ்ஸில் லேஅவுட் போட உட்கார்ந்தால் இது மனசுக்குள் ஓடுகிறது.

மகளிர் தினத்துக்கு டீச்சருடைய சங்கம் போட்ட சின்னப் புத்தகம். மதுரைப் பக்கத்தில் அரசியலுக்கு வந்த பெண்களைப் பற்றியது, மேட்டர் முழுக்க டீச்சர் எழுதியது. நடுப்பக்கத்தில் இடது கைப்பக்கம் டாக்டர் சௌந்தரம், வலது கைப்பக்கம் நாடக மேடையிலிருந்து அரசியலுக்கு வந்து எம்.எல்.ஏ. ஆன கே.பி.ஜானகியம்மாள். சௌந்தரம் அம்மா பக்கம் அளவாக உட்கார்ந்துவிட்டது. டி.வி.எஸ். குடும்பத்துப் பெண், சின்ன வயதிலேயே கணவரை இழந்தவர், டில்லி போய் மருத்துவம் படித்தவர், 1947இல் காந்திகிராமம், 1962இல் திண்டுக்கல் எம்.பி., அப்புறம் மத்தியக் கல்வித் துணை அமைச்சர். ஜானகியம்மாள் பக்கம்தான் சில வரிகள் கீழே வழிந்தது. எதையாவது எடுத்தாக வேண்டும்.

டீச்சர் கை வைத்தது நாடகப் பத்தியில். 1917இல் பிறந்த ஜானகியம்மாள் பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டுப் பாட்டுக் கற்றுக்கொண்டது, பழனியாப் பிள்ளை நாடகக் கம்பெனியில் மாசம் 25 ரூபாய்ச் சம்பளத்துக்குச் சேர்ந்தது, பிறகு ஒரு நாடகத்துக்கு 300 ரூபாய் வாங்கும் கதாநாயகி ஆனது, அங்கே ஆர்மோனியம் வாசித்த குருசாமி நாயுடுவைக் கல்யாணம் செய்தது எல்லாம் அதில் இருந்தது. இன்னொரு வாக்கியமும் இருந்தது. நாடக நடிகர் விசுவநாததாஸோடு ஜானகியம்மாள் ஜோடி போட்டு நடித்தது. விசுவநாததாஸ் பிறந்த சாதியைச் சொல்லி மற்ற நடிகைகள் அவரோடு நடிக்க மறுத்த காலம் அது.

டீச்சர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை, இதை அழுத்திச் சொல்ல வேண்டும். "நடிகைன்னு ஆரம்பிச்சா பிள்ளைங்க அதை மட்டும் பிடிச்சுக்கும்மா, ஜெயிலுக்குப் போனது, எம்.எல்.ஏ. ஆனது ஒண்ணும் மனசுல நிக்காது" என்றார். மேடை ஏறின பெண்ணை ஊர் என்ன பேசும் என்று கேட்டே வளர்ந்த தலைமுறை. அந்தப் பேச்சிலிருந்து ஜானகியம்மாளைக் காப்பாற்றுவதாகத்தான் அவர் நினைத்தார். எனக்கும் அது புரியாமல் இல்லை. பிரஸ்ஸில் ராத்திரி வேலை இருந்த நாட்களில் என்னைப் பற்றித் தெருவில் பேசியதை நானும் கேட்டவள்தான்.

ஆனால் பக்கத்துப் பக்கத்தில் 'டாக்டர்' என்று பெரிய எழுத்தில் தலைப்பே போட்டிருக்கிறோமே. அந்தத் தொழில் சௌந்தரம் அம்மாவின் பொதுவாழ்க்கைக்கு வாசல் என்றால் இந்தத் தொழில் ஜானகியம்மாளுக்கு வாசல் இல்லையா? ஜானகியம்மாள் பேசும் கூட்டத்தில் முதலில் பாட்டு, அப்புறம்தான் பேச்சு. பாட்டுக்காக வந்து உட்கார்ந்த ஜனம் பேச்சையும் கேட்டுவிட்டுத்தான் எழுந்து போகும். எட்டாம் வகுப்பைத் தாண்டாத ஒரு பெண், யுத்தத்தை எதிர்த்துப் பேசியதற்காக இந்தியப் பாதுகாப்புச் சட்டத்தில் வெள்ளைக்காரன் பிடித்து உள்ளே போடுகிற அளவுக்கு ஒரு ஆளாக எங்கிருந்து ஆனார்? மேடையிலிருந்துதான். கட்சிக்கும் போராட்டத்துக்கும் அள்ளிக் கொடுத்த காசும் அங்கே சம்பாதித்ததுதான். அதை எடுத்துவிட்டால் 1967இல் மதுரை கிழக்கில் மார்க்சிஸ்ட் கட்சி எம்.எல்.ஏ.வாக ஜெயித்தவர் திடீரென்று வானத்திலிருந்து குதித்த மாதிரி இருக்கும். அதே கட்சியின் பாப்பா உமாநாத்தோடு சேர்ந்து மாதர் சங்கம் கட்டியதும் அப்படித்தான்.

இதையெல்லாம் டீச்சரிடம் இவ்வளவு கோர்வையாக நான் சொல்லவில்லை. "கடைசிப் பத்தியைச் சுருக்கலாம் டீச்சர்" என்று மட்டும் கேட்டேன். தியாகச் சுடர், வீரத்தாய் என்று போகிற புகழ்ச்சி வரிகள் அவை. டீச்சர் முகம் மாறிவிட்டது. எழுத்தைச் சின்னதாக்கினால் வயதானவர்கள் படிக்க முடியாது என்றார், படத்தைச் சின்னதாக்கினால் முகம் தெரியாது என்றார். இரண்டுமே நியாயம்தான். சாயங்காலத்துக்குள் அச்சுக்குப் பிளேட் போட்டாக வேண்டும், மிஷின்மேன் வாசலில் வந்து நிற்கிறார்.

கடைசியில் டீச்சரே இறங்கி வந்தார். நாடகப் பத்தி இருக்கட்டும், ஆனால் இரண்டு வாக்கியம்தான் என்றார். சரி என்றேன். 25 ரூபாய் 300 ரூபாய் ஆன கதை ஒன்று, குருசாமி நாயுடு ஒன்று. விசுவநாததாஸ் வாக்கியத்தை டீச்சர் பேனாவால் ஒரு கோடு போட்டு அடித்தார், நான் ஸ்கிரீனில் செலக்ட் செய்து அழித்தேன். டீச்சர் புரூஃபில் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கிளம்பினார்.

அந்த நேரத்தில் ஜெயித்த மாதிரிதான் இருந்தது. அச்சு வேலை கொடுக்கிறவர் சொல்வதைப் போட்டுக் கொடுப்பதுதான் என் வேலை, அதிலும் இவ்வளவு பேசி ஒரு பத்தியைக் காப்பாற்றியிருக்கிறேனே என்று. பஸ்ஸில் போகும்போதுதான் உறைத்தது, விடக் கூடாத வாக்கியம் அதுதான். கட்சி, பதவி, ஜெயில் எதுவும் வருவதற்கு முன்னால், அந்தச் சின்ன வயதில், சாதி பார்த்து ஒதுக்கப்பட்ட ஒரு கலைஞரோடு மேடையில் ஜோடியாக நின்ற பெண். அரசியல் என்றால் அதுதானே அரசியல்! விசுவநாததாஸ் யாரோ தூரத்து ஆளும் இல்லை. நம் திருமங்கலத்தில் வாழ்ந்தவர், தேசபக்திப் பாட்டுப் பாடிப் பல தடவை ஜெயிலுக்குப் போனவர், 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில் முருகன் வேஷத்தில் மயில் மேல் உட்கார்ந்து பாடிக்கொண்டிருந்தபோதே உயிர் போனது. அவரையும் சேர்த்து அந்தப் பக்கத்திலிருந்து இறக்கிவிட்டோம்.

குருசாமி நாயுடு வாக்கியத்தை எடுத்துவிட்டு இதை வைக்கலாம் என்று கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் டீச்சர் ஒத்துக்கொண்டிருப்பாரா? கல்யாணம் வேண்டும் என்றுதான் சொல்லியிருப்பார், கல்யாணம் இருந்தால் நடிகை என்பது கொஞ்சம் மரியாதையாகிவிடும் என்ற கணக்கு அவருக்கு இருந்தது என்று இப்போது தோன்றுகிறது. அதற்கு மேல் நான் இழுத்திருந்தால் முழுப் பத்தியும் போயிருக்கும் என்றும் தோன்றுகிறது. இன்னொரு பக்கம், எழுதியதே டீச்சர், அந்த வாக்கியத்தைத் தேடிச் சேர்த்தவரும் அவர்தான், அவருக்கு அதன் அருமை தெரியாது என்று நான் நினைப்பது என்ன நியாயம்? தெரிந்தே ஏன் அடித்தார் என்பதற்குத்தான் எனக்குப் பதில் இல்லை. சாதிப் பேச்சு வேண்டாம் என்று யாராவது சொன்னார்களோ, இல்லை இடம் இல்லை என்பது மட்டும்தானோ. அன்றைக்கு நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

ஃபைலில் பழைய மேட்டர் அப்படியே இருக்கிறது. மறுபடி அச்சடிக்க வந்தால் முதலில் இதைத்தான் கேட்க வேண்டும். கடைசிப் பத்தியைச் சுருக்கச் சொல்லிக் கேட்டதில் அவருக்கு இருக்கும் வருத்தம் அதற்குள் போயிருக்க வேண்டும்.