தோ பாயோவின் கீழ்த்தளமும் தேக்காவின் ஞாயிற்றுக்கிழமையும்

சிங்கப்பூருக்குச் செல்பவர்கள் பெரும்பாலும் மெரினா விரிகுடாவையும் பூங்காக்களையும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். நகரப் புவியியலில் ஈடுபாடு கொண்ட எனக்கு அந்த ஊரில் பார்த்தே தீரவேண்டிய இடமாகப் பட்டது, தோ பாயோ என்ற குடியிருப்பு நகரின் அடுக்குமாடிக் கட்டடங்களுக்கு அடியில் வீடுகள் இல்லாமல் தூண்கள் மட்டும் நிற்கும் திறந்த கீழ்த்தளம்தான். ஒரு பரப்பில் யார் கூடுகிறார்கள், யாருடைய அனுமதியோடு கூடுகிறார்கள், யார் அங்கே இல்லை என்று கேட்பது அந்தத் துறையின் வழக்கம். இந்த மூன்று கேள்விகளுக்கும் விடை தேட இதைவிடப் பொருத்தமான இடத்தை நான் கண்டதில்லை.

நான் போன மாலையில் ஒரு மூலையில், மேற்பரப்பிலேயே சதுரங்கக் கட்டம் பதித்த கல்மேசையைச் சுற்றி முதியவர்கள் அமர்ந்திருந்தார்கள். சற்றுத் தள்ளி அடுத்த கட்டடத்தின் கீழே ஒரு சீனக் குடும்பத்தின் துக்கவீடு. வட்ட மேசைகளில் வேர்க்கடலைத் தட்டுகளுக்குப் பக்கத்தில், வந்தவர்கள் எடுத்துச் செல்வதற்காகச் சிவப்பு நூல் துண்டுகள் வைக்கப்பட்டிருந்தன. அதே போன்ற தளத்தில் வார இறுதியில் கொம்பாங் என்னும் கைப்பறை முழங்க மலாய்த் திருமணம் நடக்கும். இரண்டுக்குமே நகர மன்றத்திடம் முன்கூட்டியே அனுமதி பெறவேண்டும். சாவும் கல்யாணமும் மின்தூக்கிக்குப் போகும் வழியிலேயே நடப்பதால், மேல்மாடிக்காரர் யாரும் பக்கத்து வீட்டின் சடங்கைப் பார்க்காமல் வீடு போய்ச் சேர முடியாது.

இந்தக் கலப்பு தானாக நேர்ந்ததன்று. சிங்கப்பூரில் பிரிட்டிஷ் குடியேற்றத்தை நிறுவிய ராஃபிள்ஸ் 1822இல் வகுக்கச் சொன்ன நகரத் திட்டம் சீனர், மலாய்க்காரர், தென்னிந்தியரான சூலியாக்கள் எனப் பிரித்துத் தனித்தனிப் பகுதிகளை ஒதுக்கியது. அரசுக் குடியிருப்புகளைக் கட்டும் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக) 1960இல் தொடங்கப்பட்டது. 1961 மே மாதம் புக்கிட் ஹோ சுவீ என்ற குடிசைப் பகுதியில் பற்றிய தீ சுமார் 16,000 பேரின் வீடுகளைப் பறித்ததும் அடுக்குமாடிக் கட்டுமானம் வேகம் பிடித்தது. இன்று குடியிருப்போரில் ஏறத்தாழ எண்பது விழுக்காட்டினர் வீவக வீடுகளில்தான் வாழ்கிறார்கள். வீடுகள் மறுவிற்பனைக்கு வந்தபோது மக்கள் மீண்டும் இனவாரியாகத் திரளத் தொடங்கினர். அதனால் 1989இல் வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கை ஒவ்வொரு கட்டடத்திலும் வட்டாரத்திலும் ஒவ்வோர் இனத்துக்கும் ஓர் உச்சவரம்பை விதித்தது.

அந்த வரம்பின் சுமை எல்லார்மீதும் ஒரே அளவில் விழவில்லை. ஒரு கட்டடத்தில் சீனர்களுக்கான வரம்பு நிரம்பிவிட்டால், அங்கே வீடு வைத்திருக்கும் தமிழர் அதைச் சீனருக்கு விற்க முடியாது. வாங்க வருவோர் குறைவதால் விலையும் இறங்கக்கூடும். ஆனாலும் அந்தக் கீழ்த்தளத்தில் நின்றபோது, இன அடிப்படையில் தெருக்கள் பிரிந்து கிடக்கும் ஊர்களை நினைத்துக்கொண்ட நான், இந்தக் கொள்கை வேண்டும் என்ற பக்கமே சாய்ந்தேன்.

எனினும் அங்கே இல்லாதவர்களைப் பற்றியும் சொல்லவேண்டும். அந்தக் கட்டடங்களைக் கட்டும் தமிழகத்து, பங்ளாதேஷ் தொழிலாளர்கள் வேலை அனுமதியில் வந்தவர்கள். அவர்கள் வீவக வீட்டை வாடகைக்கு எடுக்க முடியாது. பலர் தீவின் ஓரங்களில் உள்ள தங்குவிடுதிகளில் வாழ்கிறார்கள். அவர்களுக்கென ஓர் இடம் உருவாவது ஞாயிற்றுக்கிழமை, லிட்டில் இந்தியா எனப்படும் தேக்காவில்தான். ஊருக்குப் பணம் அனுப்புவதற்கான வரிசை, காய்கறிக் கடைகள், சிராங்கூன் சாலையில் வீரமாகாளியம்மன் கோயில் வாசல், அருகிலிருக்கும் புல்வெளி என்று எங்கும் கூட்டம். 2013 டிசம்பரில் தொழிலாளர் ஒருவர் பேருந்தில் அடிபட்டு இறந்ததைத் தொடர்ந்து இங்கே கலவரம் மூண்டது. 2015 முதல் வார இறுதியில் இந்த வட்டாரத்தின் பொது இடங்களில் மது அருந்தத் தடை இருக்கிறது.

விடுதிகளை ஒட்டித் திடலும் கடைகளும் கொண்ட பொழுதுபோக்கு மையங்கள் கட்டப்பட்டிருக்கின்றன. அப்படியிருக்க இவ்வளவு தூரம் வருவது ஏன் என்று, புல்வெளியில் அமர்ந்திருந்த அறந்தாங்கிப் பக்கத்துத் தம்பி ஒருவரிடம் கேட்டேன். "அங்க எல்லாமே இருக்குண்ணே. ஆனா வேற வேற விடுதியில இருக்குற ஊர்க்காரங்க ஒண்ணா சேரணும்னா இங்கதானே வரணும்" என்றார். அதற்குள் அவர் காத்திருந்த இருவர் பேருந்திலிருந்து இறங்கிவிட்டார்கள். மூவரும் சேர்ந்து பணம் அனுப்பும் வரிசையை நோக்கிக் கிளம்பினார்கள்.