எடிட்டிங் செயன்முறைப் பரீட்சைக்குப் போகிற வன்னிப் பிள்ளைகளுக்கு

பெறுபேறு போன கிழமை வந்தது, சித்தியடைந்துவிட்டேன். "கலியாண வீடியோ வெட்டவும் சோதனையோ?" என்று கேட்ட சொந்தக்காரருக்கெல்லாம் அம்மா இப்போது தானே போன் எடுத்துச் சொல்கிறா. அடுத்த முறை இருக்கப்போகிறவர்களுக்காக, நினைவு மங்குமுன் எழுதுகிறேன்.

எழுத்துத் தாளில் பயப்பட ஒன்றுமில்லை. செக்கனுக்கு எத்தனை ஃபிரேம் (படம்) என்றால் சினிமாவுக்கு 24, எங்கள் தொலைக்காட்சிக்கு 25, அப்புறம் 180 பாகைக் கோடு (பேசும் இருவருக்கிடையே கமரா தாண்டக்கூடாத கற்பனைக் கோடு), கோடெக் (வீடியோவைச் சுருக்கும் முறை). இதெல்லாம் உங்களுக்குத் தெரிந்ததுதான். ஆளைத் தூக்குவதும் விழுத்துவதும் செயன்முறை.

அதில் என்னைக் கரைசேர்த்தது ஒரு கொப்பி. ஃபுட்டேஜ் தந்ததும் ஒரு வெட்டும் போடாமல் எல்லா டேக்கையும் (ஒரே காட்சியை எடுத்த ஒவ்வொரு தடவையையும்) கடைசி ஃபிரேம் வரை பார்த்தேன். டைம்கோடையும் (வீடியோவில் ஓடும் நேர எண்), அந்த நேரம் முகத்தில் என்ன நடக்கிறது என்பதையும் எழுதினேன். பக்கத்து மேசைகளில் அதற்குள் டைம்லைன் பாதி நிரம்பிவிட்டது. புதுக்குடியிருப்பில் நான் வேலை செய்த ஸ்டூடியோவில் கரண்ட் போனால் மடிக்கணினி பற்றரியில் ரெண்டர் போட (வெட்டியதை முழு வீடியோவாக்க) முடியாது, பார்க்கத்தான் முடியும். பார்த்துப் பார்த்து எழுதிய பழக்கம் அங்கே வந்தது.

தந்த காட்சியில் தாயும் மகனும் பேசுகிறார்கள். வசனம் முடிந்து, இயக்குநர் "கட்" சொல்லுமுன், தாய் நடிப்பவர் ஒரு கணம் கண்ணைத் தாழ்த்துகிறார். டேக்கின் வாலில் கிடந்த அந்தப் பார்வையை எடுத்து, மகனின் குரலை அதன்மேல் ஓடவிட்டேன். நேர்முகத்தில் பரீட்சகர் அந்த இடத்தில்தான் நிறுத்தி, ஏன் என்று கேட்டார். கொப்பியைக் காட்டினேன். வேறு எதையும் செய்யாவிட்டாலும் இதைச் செய்யுங்கள்.

விஷுவல் எஃபெக்ட்ஸ் பகுதிக்கு:

- போனில் எடுத்த வீடியோவில் ஃபிரேம் வீதம் ஏறி இறங்கும். முதலில் நிலையான வீதத்துக்கு மாற்றுங்கள். இல்லாவிட்டால் சத்தம் உதட்டை விட்டு விலகும்.
- பின்னணியை மாற்றக் கட்டும் பச்சைத் துணியில் வெளிச்சம் சமமாக விழ வேண்டும். ஆளைத் துணியிலிருந்து தள்ளி நிறுத்துங்கள், கிட்ட நின்றால் பச்சை முகத்தில் அடிக்கும். சேலை பச்சையென்றால் நீலத் துணி.
- ரொட்டோவில் (ஆளைச் சுற்றி ஃபிரேம் ஃபிரேமாகக் கோடு போட்டுப் பிரிக்கிற வேலை) முழு உடம்புக்கும் ஒரே மாஸ்க் (பிரிக்கும் கோட்டு வடிவம்) வேண்டாம். தலை, கை, உடம்பு தனித்தனி.
- டாவின்சி ரிசோல்வ் என்ற எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பே பழகப் போதும், எஃபெக்ட்ஸ் செய்யும் ஃபியூஷன் அதற்குள்ளேயே இருக்கிறது.

பயிற்சிக்கு வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலைப் படமெடுங்கள். சனம், நெருப்பு, பறை, எதற்கும் இரண்டாவது டேக் கிடையாது. பாட்டுப் போடாமல் மூன்று நிமிடத்துக்குள் வெட்டிப் பாருங்கள். தனியே இருந்து வெட்டுங்கள், நாலு பேர் சுற்றி நின்றால் பார்வை கலைந்துவிடும்.

இன்னொன்று. என் நேர்முகம் சிங்களத்தில்தான் தொடங்கியது. நான் தமிழில் கேட்க வேண்டுமென்று சொன்ன பிறகே மொழிபெயர்க்க ஒருவரைத் தேடினார்கள், அதற்குள் என் நேரத்தில் பாதி போய்விட்டது. தமிழில் பதில் சொல்ல வேண்டுமென்று விண்ணப்பத்திலேயே எழுதிவிடுங்கள்.