டாக்டர் சாட்சியத்தில் விடுபட்ட ஏழாம் பக்கம்

2018-இல் மச்சானுக்கு செஷன்ஸ் கோர்ட், அப்போதைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் கொலைப் பிரிவான 302-இல் ஆயுள் தண்டனை கொடுத்ததும் ஊரில் எல்லோரும் சொன்னது ஒன்றுதான்: "சாட்சி மூணு வெட்டுங்கிறான், போஸ்ட்மார்ட்டத்துல ஒரு காயம்தான், ஹைகோர்ட்ல நிக்காது, விடுதலைதான்." நானும் நம்பினேன். நீங்கள் நம்பாதீர்கள்.

வாய்க்கால் தண்ணீர்த் தகராறு. வாய்ச்சண்டை முற்றி, மச்சான் கையில் இருந்த மண்வெட்டியால் ஒரே அடி. அ.சா.1, அதாவது முதல் அரசுத் தரப்புச் சாட்சி, இறந்தவரின் அண்ணன்; அ.சா.2 பக்கத்து வயல்காரர். கூர்ப்பக்கத்தால் மூன்று முறை வெட்டியதாக இருவரும் சொன்னார்கள். பிரேதப் பரிசோதனையில் இருந்தது தலையில் ஒரு கிழிந்த காயமும் அதன் கீழே எலும்பு முறிவும் மட்டும்.

அப்பீலுக்கு 60 நாள் அவகாசம், தீர்ப்பு நகலுக்குக் காத்திருந்த நாட்கள் கணக்கில் வராது. ஜெயிலில் வக்காலத்தில் கையெழுத்து வாங்கி ஹைகோர்ட் மதுரைக் கிளையில் தாக்கல் செய்தது சிரமமில்லாமல் முடிந்தது. காசில்லை என்று தயங்குபவர்களுக்கு ஒன்று: காவலில் இருப்பவருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு, 1987 சட்டத்திலேயே இருக்கிறது. இது எங்களுக்குத் தெரிய வந்தது நகையெல்லாம் அடகுக்குப் போன பிறகு.

வினை வந்தது சாட்சியங்களின் நகலில். நாங்கள் வாங்கி வந்த கட்டைப் பல மாதம் கழித்து வக்கீல் உட்கார்ந்து படித்துவிட்டு, "தம்பி, டாக்டர் சாட்சியத்துல ஆறுக்கு அப்புறம் எட்டு வருது, ஏழு எங்கே?" என்றார். கவுண்டரில் நான் எண்ணிப் பார்க்கவில்லை. திரும்பப் போனால் அந்தக் கிளார்க் லீவு. அடுத்த வாரம் போனால், "கொடுத்தது அவ்வளவுதான் சார், ஒரிஜினல் கட்டு ஹைகோர்ட்டுக்குப் போயிடுச்சு" என்று முகத்தைக்கூட நிமிர்த்தாமல் சொன்னார். இரண்டு நாள் கூலியும் பஸ் காசும் போனதுதான் மிச்சம். கடைசியில் மதுரையில் வக்கீல் மனு போட்டு மூலக் கட்டைப் பார்த்தபோது ஏழாம் பக்கம் பத்திரமாக இருந்தது. குறுக்கு விசாரணையில் ஒரே வரி: "மேற்படி காயம் மண்வெட்டிக் காம்பால் ஒரு முறை அடித்தாலும் ஏற்படக்கூடும் என்றால் சரிதான்."

இனி விடுதலைதான் என்று குதித்தேன். வக்கீல் உட்கார வைத்தார். கண்ணால் பார்த்த சாட்சியும் மருத்துவச் சான்றும் முரண்பட்டால் பொதுவாகச் சாட்சிக்குத்தான் மதிப்பு அதிகம், அவன் சொல்வது நடந்திருக்கவே முடியாது என்று மருத்துவம் அடித்துச் சொன்னால்தான் சாட்சியைத் தள்ளுவார்கள். 2010-இல் அப்துல் சயீத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான். மூன்று என்று கூட்டிச் சொன்னதால் அவர்கள் அங்கே இல்லவே இல்லை என்று ஆகிவிடாது. அதனால் விடுதலை கேட்டாலும் வக்கீல் உயிரைக் கொடுத்து வாதாடியது வேறு இடத்தில்: திடீர்ச் சண்டை, திட்டம் இல்லை, கைக்குக் கிடைத்த பொருள், காம்பால் ஒரே அடி. இப்படி நடந்த மரணத்தைக் கொலையாகக் கருதாத, 300-ஆம் பிரிவின் நான்காவது விதிவிலக்கு.

தண்டனையை நிறுத்தி வைக்கக் கேட்ட மனு இரண்டு முறை தள்ளுபடியானது. அப்பீல் விசாரணைக்கு வந்தது 2023-இல்தான், வாதம் முடிய ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. பெஞ்ச் சாட்சிகளை நம்பியது. ஆனால் அந்த ஏழாம் பக்கத்தைப் படிக்கச் சொல்லிக் கேட்டது. 302 போய் 304 இரண்டாம் பகுதி (கொல்லும் நோக்கமில்லாமல் மரணம் விளைவித்தது), ஐந்து வருடம்.

நகல் வாங்குகிறவர்கள் கவுண்டரை விட்டு நகராமல் பக்க எண்ணைப் பாருங்கள். ஒவ்வொரு சாட்சியமும் "மறு விசாரணை இல்லை" என்றோ மறு விசாரணையோடோ (குறுக்கு விசாரணைக்குப் பின் சாட்சியை அழைத்த தரப்பு மறுபடி கேட்கும் கேள்விகள்) முடிகிறதா என்றும் பாருங்கள்.

உத்தரவு ஜெயிலுக்குப் போன பிறகும், அதில் இனிஷியல் மாறியிருக்கிறது என்று நான்கு நாள் இழுத்தார்கள். ஒருவழியாக வெளியே வந்த மச்சான் பஸ்ஸில் விரல் விட்டு எண்ணிக்கொண்டே வந்தார். ஐந்து வருடத்துக்கு மேல் இரண்டு மாதம் கூடுதலாக இருந்திருக்கிறார்.